உங்களுக்குத் தெரியுமா? – கடைசி இடத்துக்காரர்கள்

ஆனி பிறந்து செங்கோட்டைப் பக்கமிருந்து சாரல் இறங்க ஆரம்பித்தால் தென்காசிக்காரர்களுக்கு இரண்டு நிலவரம் தெரிந்தாக வேண்டும். ஐந்தருவியில் எத்தனை கிளையில் தண்ணீர் விழுகிறது? நேற்று ராத்திரி டி.என்.பி.எல். ஆட்டத்தில் ஜெயித்தது யார்? குற்றால சீசனும் தமிழ்நாடு பிரீமியர் லீக்கும் பெரும்பாலும் ஒரே ஜூன், ஜூலையில்தான் வருகின்றன. ஜெயித்தவர்களைப் பற்றி எழுத ஆயிரம் பேர் இருக்கிறார்கள். இந்த வாரப் பக்கம் தோற்றவர்களுக்கு. ஒரு ஆட்டம், இரண்டு ஆட்டம் அல்ல. சீசன் முழுக்கத் தோற்றவர்களுக்கு.

ஏழுக்கு ஏழு

2023 டி.என்.பி.எல்.லில் திருச்சி அணி லீக் சுற்றில் ஆடியது 7 ஆட்டம். தோற்றதும் 7 ஆட்டம். புள்ளிப் பட்டியலில் ஒரு பெரிய முட்டை. அந்த அணியில் ஆடத் தெரியாதவர்கள் யாரும் இல்லை. இந்தியாவுக்கு ஆடிய நடராஜன் இருந்தார். ஏழே ஆட்டம் கொண்ட லீக்கில் இதுதான் சிக்கல். முதல் மூன்றைத் தோற்றுவிட்டால் மீதியை ஆடுவது கணக்குத் தீர்க்கத்தான். அதே திருச்சி, பெயரை மாற்றிக்கொண்டு, 2025-இல் பிளே-ஆஃப் வரை போனது.

திருச்சி ஏழையும் தோற்ற அதே 2023-இன் இறுதிப் போட்டி நம் வாசலில் நடந்தது. தாழையூத்து சங்கர் நகரில் உள்ள இந்தியா சிமெண்ட்ஸ் மைதானம், 2023 ஜூலை 12. சொந்த ஊரில் நெல்லை ராயல் கிங்ஸ், எதிரே கோவை. கோவை 205 எடுத்தது. நெல்லை 101-க்குச் சுருண்டது. 104 ரன் வித்தியாசம். தொடரில் நெல்லைக்கு இரண்டாம் இடம், திருச்சிக்குக் கடைசி இடம். அன்றைக்கு ராத்திரி யாருக்கு வலி அதிகம் என்று சங்கர் நகரிலிருந்து வீடு திரும்பியவர்களைத்தான் கேட்க வேண்டும்.

தலைவாஸ் கணக்கு

கபடி தமிழனின் ஆட்டம் என்று மேடைக்கு மேடை சொல்கிறோம். புரோ கபடியில் தமிழ் தலைவாஸ் 2017-இல் வந்தது. அன்றைய உரிமையாளர்களில் ஒருவர் சச்சின் டெண்டுல்கர். முதல் நான்கு சீசன் கணக்கைப் பாருங்கள். 2017: 6 வெற்றி, 14 தோல்வி, 2 சமன். 2018: 5 வெற்றி, 13 தோல்வி, 4 சமன். 2019: 4 வெற்றி, 15 தோல்வி, 3 சமன், பன்னிரண்டு அணிகளில் பன்னிரண்டாம் இடம். கொரோனாவால் ஓராண்டு விட்டு 2021-22-இல் 5 வெற்றி, 11 தோல்வி, 6 சமன். கூட்டினால் 88 ஆட்டத்தில் 20 வெற்றி, 53 தோல்வி.

ஆள் இல்லாமலா? அஜய் தாக்கூர் இருந்தார், மஞ்சீத் சில்லர் இருந்தார், 2019-இல் ராகுல் சவுத்ரியும் வந்தார். மூவரும் கபடி உலகம் அறிந்த பெயர்கள். பெயர்களை வாங்கி அடுக்கினால் அணி ஆகிவிடாது என்பதைத் தலைவாஸ் நிர்வாகம் காசு கொடுத்துக் கற்றுக்கொண்டது. பாடி வருகிறவனைப் பிடி போடுகிற ஏழு பேரும் ஒருவரை ஒருவர் பார்க்காமலே நகரத் தெரிந்திருக்க வேண்டும். அது ஏலத்தில் கிடைக்கிற சரக்கு இல்லை.

2022 சீசன் கதை இன்னும் சுவையானது. பவன் செராவத்தை 2 கோடியே 26 லட்சத்துக்கு வாங்கினார்கள். அதுவரை புரோ கபடியில் யாருக்கும் கிடைக்காத தொகை. முதல் ஆட்டத்திலேயே முழங்காலில் அடிபட்டு வெளியே போய்விட்டார். தலைவாஸ் இந்த வருஷமும் அவ்வளவுதான் என்று எல்லோரும் கையைக் கழுவினார்கள். ஆனால் நரேந்தர் என்ற அறிமுக ரெய்டர் ஓட ஆரம்பித்தார். இளம் தடுப்பாட்டக்காரர்கள் ஒன்று சேர்ந்தார்கள். 10 வெற்றி, 8 தோல்வி, 4 சமன். முதல் முறையாக அரையிறுதி. அங்கே புனேரி பல்தானிடம் 37-39 என்று இரண்டே புள்ளியில் போனது. விலை உயர்ந்த ஆள் இல்லாத ஆண்டுதான் அவர்களுடைய நல்ல ஆண்டு.

தோற்றாலும் ஒரு புள்ளி

அதே லீக்கில் அந்த நாட்களில் ஒரு கருணை விதி இருந்தது. ஜெயித்தால் 5 புள்ளி, சமன் என்றால் ஆளுக்கு 3, ஏழு அல்லது அதற்குக் குறைவான வித்தியாசத்தில் தோற்றால் 1. தலைவாஸின் 2017 கணக்கை எடுத்துப் போட்டுப் பாருங்கள். ஆறு வெற்றிக்கு 30, இரண்டு சமனுக்கு 6, ஆக 36. ஆனால் பட்டியலில் இருந்தது 46. மீதிப் பத்தும் மயிரிழையில் தோற்றதற்குக் கிடைத்த கூலி. 14 தோல்வியில் 10 தோல்வி கைக்கெட்டும் தூரத்தில் நடந்திருக்கிறது. ‘14 தோல்வி’ என்ற எண் இதைச் சொல்லாது.

பரோட்டா பக்கம் ஒரு நடை

கபடியில் தோற்றுக்கொண்டே இருக்கும் ஒரு கிராமத்து அணியை வைத்து 2009-இல் வந்த படம் ‘வெண்ணிலா கபடிக்குழு’. சுசீந்திரனுக்கு முதல் படம், விஷ்ணு விஷாலுக்கும் முதல் படம். ஆனால் அந்தப் படத்தால் ஊருக்கெல்லாம் தெரிந்தவர் பரோட்டா பந்தயம் கட்டிய சூரி. பிரானூர் பார்டரில் பரோட்டாவுக்குக் காத்திருக்கிறவர்கள் இன்றைக்கும் அந்தக் காட்சியைத்தான் பேசுகிறார்கள், கபடியை அல்ல.

சாம்பியன் கடைசி இடம் போன கதை

சென்னையின் எஃப்.சி. 2018 மார்ச்சில் ஐ.எஸ்.எல். கோப்பையைத் தூக்கியது. அடுத்த சீசன், அதே பயிற்சியாளர் ஜான் கிரிகரி: 18 ஆட்டத்தில் 2 வெற்றி, 3 டிரா, 13 தோல்வி, 9 புள்ளி. பத்து அணிகளில் பத்தாவது.

வேடிக்கை என்னவென்றால், அதே 2018-19-இல் கோவையில் ஆடிக்கொண்டிருந்த சென்னை சிட்டி எஃப்.சி. ஐ-லீக் பட்டத்தை வென்றது. தமிழ்நாட்டு அணி ஒன்று ஐ-லீக்கை வென்றது அதுதான் முதல் தடவை. அதற்கு முந்தைய சீசனில் இதே சென்னை சிட்டி பத்தில் எட்டாவதாக வந்து ஒட்டிக்கொண்டிருந்த அணி. ஒரே மாநிலத்தில், ஒரே பருவத்தில் ஒருவர் உச்சியில், ஒருவர் பாதாளத்தில். அன்றைய ஐ.எஸ்.எல்.லில் கடைசி இடத்துக்குக் கீழே இறக்கம் இருக்கவில்லை என்பதால் சென்னையின் பிழைத்தது. அடுத்த ஆண்டே ஓவன் காயில் வந்து இறுதிப் போட்டி வரை கூட்டிப்போனார். 2020 மார்ச் 14, கோவா, கொரோனா பயத்தில் ஒரு ரசிகர் கூட இல்லாத மைதானம். ஏ.டி.கே.யிடம் 1-3.

சேப்பாக்கம் கோட்டையில் ஓட்டை

சென்னை சூப்பர் கிங்ஸ் 2025-இல் 14 ஆட்டத்தில் 4 வெற்றி, 10 தோல்வி. ஐ.பி.எல். வரலாற்றில் முதல் முறையாகக் கடைசி இடம். 2022-இலும் இதே 4-10 கணக்குத்தான், ஆனால் அன்று ஒன்பதாவது. கீழே மும்பை தாங்கிக்கொண்டது.

2025-இன் உண்மையான அடி சொந்த மைதானத்தில். மார்ச் 28-இல் பெங்களூரு வந்து ஜெயித்தது. சேப்பாக்கத்தில் அவர்கள் ஜெயித்து 2008-க்குப் பிறகு அதுதான் முதல் முறை. ஏப்ரல் 5-இல் டெல்லி. 2010-க்குப் பிறகு முதல் முறை. ஏப்ரல் 11-இல் கொல்கத்தாவிடம் 20 ஓவரில் 103 ரன். சேப்பாக்கத்தில் சென்னையின் மிகக் குறைந்த ஸ்கோர். ஏப்ரல் 25-இல் ஹைதராபாத். அவர்களுக்குச் சேப்பாக்கத்தில் அதுதான் முதல் வெற்றி. ஏப்ரல் 30-இல் பஞ்சாப், சஹலின் ஹாட்ரிக்கோடு. அன்றே பிளே-ஆஃப் வாய்ப்பு போனது. அந்த சீசனில் முதலில் வெளியேறிய அணி சென்னைதான். நடுவில் கேப்டன் ருதுராஜுக்கு முழங்கை எலும்பு முறிந்து, 43 வயது தோனி மறுபடி கேப்டன் ஆனார்.

வாய்ப்பு போன பிறகு என்ன ஆடினார்கள் என்பதையும் சொல்ல வேண்டும். 17 வயது ஆயுஷ் மாத்ரேயும் பிரெவிஸும் பயமில்லாமல் சுற்ற ஆரம்பித்தார்கள். கடைசி ஆட்டத்தில், மே 25, அகமதாபாத்தில் குஜராத்தை 83 ரன் வித்தியாசத்தில் வென்றார்கள். இழக்க ஒன்றும் இல்லாதவன் ஆட்டம் எப்போதும் பார்க்க நன்றாக இருக்கும்.

24 டெஸ்ட் காத்திருப்பு

அதே சேப்பாக்கத்துக்குத் தோல்வியை முடித்துவைத்த பெருமையும் உண்டு. இந்தியா 1932-இல் டெஸ்ட் ஆட வந்தது. முதல் 24 டெஸ்டில் ஒரு வெற்றி கூட இல்லை. 25-ஆவது டெஸ்ட் சென்னையில், 1952 பிப்ரவரி 10-இல் முடிந்தது: இங்கிலாந்தை இன்னிங்ஸ் மற்றும் 8 ரன்னில் வென்றது விஜய் ஹசாரே அணி. வினூ மன்கட் 8, 4 என்று 12 விக்கெட். பங்கஜ் ராயும் பாலி உம்ரிகரும் சதம். நியூசிலாந்தோடு ஒப்பிட்டால் நாம் கொடுத்து வைத்தவர்கள். அவர்களுக்கு முதல் வெற்றிக்கு 26 ஆண்டும் 45 டெஸ்டும் ஆயின.

222-0

இனி அமெரிக்கா. அங்கே கல்லூரி அணிகள் ஆடும் அமெரிக்கன் ஃபுட்பாலுக்கு நம் ஊர் ஐ.பி.எல். கூட்டம் வரும். பந்து முட்டை வடிவம். நான்கு முயற்சிக்குள் பந்தைப் பத்து கெஜம் முன்னே கொண்டுபோக வேண்டும். முடியாவிட்டால் பந்து எதிராளிக்கு. எதிர் ஆள் பிடித்து அமுக்குவதற்குள் எல்லையைத் தொட வேண்டும் என்ற அளவில் கபடி பார்த்தவர்களுக்குச் சட்டென்று பிடிபடும்.

1916 அக்டோபர் 7, அட்லாண்டா. ஜார்ஜியா டெக் 222, கம்பர்லேண்ட் 0. கல்லூரி ஃபுட்பாலில் இதைவிட ஒருதலைப்பட்சமான ஸ்கோர் கிடையாது. கம்பர்லேண்ட் ஃபுட்பாலையே கைவிட்டிருந்தது. ஆனால் ஒப்பந்தப்படி வந்து ஆடாவிட்டால் 3,000 டாலர் அபராதம். அன்றைக்கு அது ஒரு சிறு கல்லூரியைக் கவிழ்க்கும் தொகை. கையில் கிடைத்த மாணவர்களைத் திரட்டிக்கொண்டு ரயில் ஏறினார்கள். முதல் கால்பகுதியில் 63-0, பாதியில் 126-0. இரண்டாம் பாதியை இரக்கப்பட்டுக் குறைத்துக்கொண்டார்கள். ஜார்ஜியா டெக் பயிற்சியாளர் ஜான் ஹைஸ்மன் ஏன் நிறுத்தவில்லை? அதே ஆண்டு பேஸ்பாலில் கம்பர்லேண்ட் தொழில்முறை ஆட்டக்காரர்களை இறக்கி அவருடைய அணியை 22-0 என்று அடித்திருந்தது. வட்டியும் முதலுமாக வாங்கினார். இன்று அமெரிக்கக் கல்லூரி ஃபுட்பாலின் மிகப் பெரிய விருது அவர் பெயரில் இருக்கிறது.

அம்பேத்கர் படித்த கல்லூரியின் 44

நியூயார்க் கொலம்பியா பல்கலைக்கழகம் 1983 முதல் 1988 வரை தொடர்ந்து 44 ஆட்டம் தோற்றது. நடுவில் ஜிம் கேரட் என்ற பயிற்சியாளர் வந்தார். 1985-இல் முதல் ஆட்டத்தில் ஹார்வர்டுக்கு எதிராக 17-0 என்று முன்னிலை எடுத்து 49-17 என்று தோற்றார்கள். அதற்குப் பிறகு சொந்த ஆட்டக்காரர்களையே பத்திரிகையாளர்கள் முன்னால் திட்டித் தீர்த்தார். சீசன் 0-10. பதவி விலகினார். தந்தையோடு கொலம்பியா வந்திருந்த மகன்கள் பிரின்ஸ்டனுக்குப் போனார்கள்.

1988 அக்டோபர் 8-இல் கொலம்பியா ஒருவழியாக ஜெயித்தது, 16-13. எதிரணி பிரின்ஸ்டன். அதன் ஆட்டத்தை நடத்தும் குவார்ட்டர்பேக் அந்தப் பயிற்சியாளரின் மகன் ஜேசன் கேரட். சினிமாவில் எழுதியிருந்தால் நம்ப மாட்டோம். ஜேசன் பின்னாளில் டல்லாஸ் கவ்பாய்ஸ் அணிக்கே தலைமைப் பயிற்சியாளர் ஆனார்.

காசு இல்லாத 80

கொலம்பியாவின் 44-ஐ முந்தியது டெக்சாஸில் உள்ள பிரெய்ரி வியூ ஏ அண்ட் எம். கறுப்பின மாணவர்களுக்கென்று தொடங்கப்பட்ட பல்கலைக்கழகம். 1989 முதல் 1998 வரை தொடர்ந்து 80 தோல்வி. விளையாட்டுத் துறையில் பணத் தகராறு. 1990 சீசனையே ரத்து செய்தார்கள். திரும்பி வந்தபோது ஃபுட்பாலுக்கு உதவித்தொகை இல்லை. எதிரணிகள் ஊர் ஊராகப் போய் உதவித்தொகை கொடுத்து ஆள் பிடித்துக்கொண்டிருக்க, இவர்கள் வகுப்பறையில் இருந்தவர்களை வைத்து ஆடினார்கள். 1991-இல் 11 ஆட்டத்தில் எடுத்தது 48 புள்ளி, கொடுத்தது 617. ஆனாலும் கூட்டம் வந்தது. இடைவேளையில் வாசிக்கும் பல்கலைக்கழக பேண்டைக் கேட்க. 1998 செப்டம்பர் 26-இல் லாங்ஸ்டனை 14-12 என்று வென்று முடித்தார்கள்.

இந்த 80-ஐ ‘மோசமான அணி’ என்று பட்டியல் போடும் அமெரிக்கர்கள் மீது எனக்குக் கோபம் உண்டு. அந்தப் பட்டியலில் வர வேண்டிய பெயர் ஆட்டக்காரர்களுடையது அல்ல, கணக்குப் புத்தகத்துடையது.

இன்னும் சில, வேகமாக

● ஐ.நா. பொதுச் செயலாளராக இருந்த கோஃபி அன்னான் படித்த மகாலெஸ்டர் கல்லூரி 1974 முதல் 1980 வரை தொடர்ந்து 50 ஆட்டம் தோற்றது. முடித்துவைத்தது கடைசி 11 விநாடியில் உதைத்த ஒரு உதை: 17-14.

● நார்த்வெஸ்டர்ன் பல்கலைக்கழகம் 1979-82-இல் 34 தோல்விக்குப் பிறகு ஜெயித்தபோது மாணவர்கள் கோல் கம்பத்தைப் பிடுங்கிக்கொண்டுபோய் மிச்சிகன் ஏரியில் போட்டார்கள். 1995-இல் அதே அணி தன் பிரிவின் சாம்பியன்.

● சான் மரினோ கால்பந்து அணி 2004 ஏப்ரலில் லிச்டென்ஸ்டைனை வென்றது. அடுத்த வெற்றி 2024 செப்டம்பரில். இடையில் 140 ஆட்டம். அதுவும் லிச்டென்ஸ்டைனோடுதான். இரண்டுமே 1-0.

● அமெரிக்கத் தொழில்முறை ஃபுட்பாலில் 2017-இல் 16-க்கு 16 தோற்ற கிளீவ்லேண்ட் பிரவுன்ஸுக்கு ரசிகர்களே கடுங்குளிரில் ஊர்வலம் நடத்தினார்கள். பயிற்சியாளர் ஹியூ ஜாக்சன் இப்படி ஆகாது என்று பந்தயம் கட்டியிருந்தார். சொன்ன சொல் தவறாமல் ஏரியில் குதித்தார்.

கடைசி ஆளுக்கு முதல் பந்தி

அமெரிக்கத் தொழில்முறை ஃபுட்பாலில் கடைசியாக வந்த அணிக்குத்தான் கல்லூரியிலிருந்து வரும் புது ஆட்டக்காரர்களில் முதல் தேர்வு. இந்த ஏற்பாட்டை முன்மொழிந்தவர் பிலடெல்பியா ஈகிள்ஸின் பெர்ட் பெல். அவருடைய அணிதான் 1935-இல் கடைசி, 2-9. ஆக 1936-இல் நடந்த முதல் தேர்வில் முதல் வாய்ப்பு அவருக்கே. ஜே பெர்வாங்கர் என்ற நட்சத்திரத்தை எடுத்தார். பெர்வாங்கர் சம்பளம் கட்டுப்படியாகாது என்று ஒரு ஆட்டம் கூட ஆடாமல் வேறு வேலைக்குப் போய்விட்டார். 1936-இல் ஈகிள்ஸ் 1-11. யோசனை சொன்னவரைத் தவிர எல்லோருக்கும் அது பயன்பட்டது.

சென்னைக்கும் ஒரு அணி இருந்தது

2012-இல் இந்தியாவில் எலைட் ஃபுட்பால் லீக் என்று அமெரிக்கன் ஃபுட்பாலுக்கு ஒரு லீக் தொடங்கினார்கள். எட்டு அணிகளில் சென்னை ஸ்வார்ம் ஒன்று, கொழும்பு லயன்ஸ் ஒன்று. ரக்பி, கபடி, தடகளம் என்று கிடைத்த இடத்திலிருந்து ஆள் எடுத்தார்கள். இறுதியில் புனே மராத்தாஸ், டெல்லி டிஃபெண்டர்ஸை வென்றது 6-0 என்று. லீக் வேர் பிடிக்கவில்லை. இந்த ஆட்டத்தின் மோதலில்லாத வடிவமான ஃபிளாக் ஃபுட்பால், 2028 லாஸ் ஏஞ்சலஸ் ஒலிம்பிக்கில் கிரிக்கெட்டோடு சேர்ந்தே நுழைகிறது.

ஐந்தருவியில் தோற்ற சீசன்

ஆட்டமே ஆடாமல் தோற்கிறவர்களும் இருக்கிறார்கள். அருவிக் கரைக் கடைகளையும் வாகன நிறுத்தத்தையும் ஏலம் எடுப்பவர்களுக்குப் பிழைப்பு ஜூன் முதல் ஆகஸ்ட் வரைதான். தென்மேற்குப் பருவமழை ஏமாற்றினால் ஐந்து கிளையும் மூன்றாகி, நூலாகி, கூட்டம் வராது. மழை அளவுக்கு மீறினால் வெள்ளம், குளிக்கத் தடை, வந்த வேன் திரும்பிவிடும். எண்ணெய்க் குப்பியும் துண்டும் நேந்திரம் சிப்ஸும் அப்படியே இருக்கும். 2020-இல் தண்ணீர் விழுந்தது, ஆள்தான் வரவில்லை. கொரோனாவுக்காக அருவிகளை மூடியிருந்தார்கள். முந்தைய நவம்பர் 22-இல்தான் தென்காசி தனி மாவட்டம் ஆகியிருந்தது. புது மாவட்டத்தின் முதல் சீசன் அப்படிப் போனது. இந்தப் பட்டியலில் ‘தோற்றாலும் ஒரு புள்ளி’ விதி கிடையாது.

கால்டெக் 38

மறுபடி அமெரிக்கா. விஞ்ஞானிகளின் கோட்டையான கால்டெக் கல்லூரி, கூடைப்பந்தில் தன் லீக்கில் 1985 முதல் தொடர்ந்து 310 ஆட்டம் தோற்றது. 2011 பிப்ரவரி 22-இல் ஆக்சிடென்டலை 46-45 என்று வென்று நிறுத்தியது. அதன் ஃபுட்பால் அணி 1993-இல் கலைந்தது. ஆனால் அமெரிக்கக் கல்லூரி ஃபுட்பாலின் புகழ்பெற்ற ஆட்டமான ரோஸ் பவுலில் கால்டெக் பெயர் ஒருமுறை ஸ்கோர் பலகையில் வந்திருக்கிறது. 1984-இல் யு.சி.எல்.ஏ.யும் இல்லினாயும் ஆடிக்கொண்டிருந்தபோது இரண்டு கால்டெக் மாணவர்கள் பலகையை மின்னணு வழியில் கைப்பற்றி அணிப் பெயர்களைத் தங்கள் கல்லூரி, போட்டி விஞ்ஞானக் கல்லூரி என்று மாற்றினார்கள்: கால்டெக் 38, எம்.ஐ.டி. 9. போலீஸ் வழக்குப் போட்டது. கால்டெக்கில் அந்த வேலையைப் பாடத்திட்டச் செய்முறையாக ஏற்று மதிப்பெண் கொடுத்தார்கள்.